எல்லையம்மனுக்கு நான் செய்துவைத்த கல்யாணம்

முதலில் நான் கட்டியவற்றைச் சொல்லிவிடுகிறேன். கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையில் பதினேழு ஷெட். எத்தனையோ புயல் வந்து போயின, ஒரு தகரம் பறந்ததில்லை. சொந்தமாக ஒரு வெல்டிங் பட்டறை. பக்கத்து ஆரணியில் மாடி வீடு. வெளியூரிலிருந்து கம்பெனி வேலைக்கு வரும் பெண்களுக்காக இருபத்துநான்கு அறையில் ஒரு விடுதி. கடைசியாக, ஏரிக்கரையில் எல்லையம்மனுக்கு ஒரு கோயில்.

கட்டியவன் படித்தது ஐந்தாம் வகுப்பு, அதிலும் பாதி. அப்பாவும் அம்மாவும் அடுத்தவர் கழனியில் நாற்று நட்டவர்கள். எனக்கு வரைபடம் பார்த்துக் கட்டத் தெரியாது, இரும்பைப் பார்த்துக் கட்டத் தெரியும். ஒருமுறை ஒரு என்ஜினியர் கொண்டுவந்த படத்தைப் பார்த்து, “சார், இந்தத் தூண் நிக்காது” என்றேன். “படத்துல நிக்குதே” என்றார். “படத்துலதான் சார் நிக்கும்” என்றேன். மூன்றாம் நாள் தூண் சாய்ந்தது. அவர் வந்து என் கையைப் பிடித்துக்கொண்டார்.

இதைப் பெருமைக்காகத்தான் சொல்கிறேன், மறைக்கவில்லை. இவ்வளவு நேராகக் கட்டியவன் ஓர் இடத்தில் கோணலாகக் கட்டிவிட்டேன். அந்த அதிர்ச்சி இன்னும் உடம்பை விட்டுப் போகவில்லை. அதை எழுதத்தான் உட்கார்ந்திருக்கிறேன்.

எல்லையம்மன் முழங்கால் உயரக் கல். வேப்பமரத்தடியில், கூரை கிடையாது, சுவர் கிடையாது, ஊருக்கு முதுகைக் காட்டிக்கொண்டு வெளியே பார்த்து நிற்பாள். வெள்ளியில் இரண்டு கண், கீழே இரண்டு கோரைப்பல். அந்தக் காலத்தில் அவளுக்கு எதிரே கழனி. பிறகு கழனி போய்த் தார்ச்சாலை வந்தது, சாலைக்கு அப்பால் கம்பெனிகள் வந்தன. ஷிஃப்டுக்குப் பெண்களை ஏற்றிப் போகும் வேன்கள் அவள் முன்னால் வேகம் குறைக்கும். உள்ளே இருக்கும் பெண்கள் கன்னத்தில் போட்டுக்கொள்வார்கள். நடந்து போகிறவர்கள் ஒரு நிமிடம் நின்று, குனிந்து, அவள் காதருகே ஏதோ முணுமுணுத்துவிட்டுப் போவார்கள். வேண்டுதல் என்று நினைத்திருந்தேன்.

அவளுக்கு மேடை கட்டி, என் பட்டறையிலேயே தூண் அடித்து நட்டு, மேலே கூரை போட்டேன். கோயில் கமிட்டியில் ஏழு பேர், ஏழு பேரும் ஆண்கள். எல்லாரும் தலையாட்டினார்கள். அதோடு நிறுத்தியிருக்க வேண்டும்.

பெண்களைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் பேச்சு மேடையில் கேட்டது. திருவிழாச் சொற்பொழிவு, கல்யாண வாழ்த்துரை, பட்டிமன்றம் எதையும் விடமாட்டேன். பள்ளிக்கூடம் போகாதவனுக்கு மேடைதான் பள்ளிக்கூடம். பெண் என்றால் பூமி, பெண் என்றால் நதி, பெண் என்றால் குத்துவிளக்கு, ஈசனே தன் உடம்பில் பாதியைப் பெண்ணுக்குக் கொடுத்தான் என்று கேட்டுக் கேட்டு மனப்பாடம் ஆகியிருந்தது. விடுதி கட்டியபோது சுற்றுச்சுவரில் நீல பெயின்டில் முழ நீள எழுத்தில் எழுதவைத்தேன்: அச்சம், மடம், நாணம், பயிர்ப்பு.

விடுதியில் ஒரு பெண் இருந்தாள். கார்களுக்கு ஒயர் கட்டும் கம்பெனியில் வேலை. ஐ.டி.ஐ.யில் வெல்டிங் படித்தவள். முதலில் என் பட்டறைக்குத்தான் வேலை கேட்டு வந்தாள். “எந்த ஊட்டுப் பொண்ணும்மா நீ? கூட யார் வந்துகீறாங்க?” என்று கேட்டேன். “வெல்டிங்குக்குக் கூட யாரு ஐயா வரணும்? நான்தான் வந்துகீறேன்” என்றாள். தனியாக வந்த பெண்ணை ஆண்கள் நடுவில் எப்படி நிறுத்துவது என்று அனுப்பிவிட்டேன். அவள்தான் ஒருநாள் சுவர் முன்னால் நின்று என்னைக் கூப்பிட்டாள்.

“ஐயா, அந்த நாலாவது இன்னா?”

“பயிர்ப்பு.”

“எழுத்து தெரியுது ஐயா. அப்டின்னா இன்னா?”

எனக்குத் தெரியவில்லை. மேடையில் யாரும் சொன்னதில்லை. சமாளித்து, “பெரிய விசயம்மா அது, சொன்னா புரியாது” என்றேன்.

“மொதலாவது புரியுது. அத்த வெச்சிகினு நாங்க நைட் ஷிஃப்டு வேன் ஏற முடியாதே?” என்றாள். பின்னால் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தவர்கள் சிரித்தார்கள்.

என் மகளுக்கு போன் போட்டேன். திருவள்ளூரில் கல்லூரியில் சரித்திரம் சொல்லிக்கொடுக்கிறாள், வேப்பம்பட்டில் வீடு. “அது வேற ஒண்ணும் இல்ல நைனா. பழகாத ஆளு, பழகாத பொருளு மேல பட்டா வர்ற அருவருப்பு” என்றாள். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. தினமும் முந்நூறு பேரோடு இடித்துக்கொண்டு வேலைக்குப் போகும் பெண்களின் வாசலில், அருவருப்பு என்று முழ நீளத்தில் எழுதி வைத்திருக்கிறேன். அழித்தால் மரியாதை போய்விடும் என்று விட்டுவிட்டேன்.

இப்போது கல்யாணத்துக்கு வருகிறேன். ஒரு பெண் தனியாக நிற்பதைப் பார்த்தால் எனக்கு அப்போதெல்லாம் கண்ணை உறுத்தும். எல்லையம்மனும் தனியாகத்தான் நின்றாள். எதிரே லாரி போகிறது, டிரைவர்கள் நிறுத்தி டீ குடிக்கிறார்கள். மனதுக்குச் சங்கடமாக இருந்தது. சத்தியமாக இரக்கத்தில்தான் செய்தேன்.

ஆர்.கே.பேட்டைப் பக்கம் ஒரு சிற்பியைப் பிடித்தேன்.

“இன்னா சாமிங்க செய்யணும்?” என்றார்.

“அம்மனுக்குப் புருசன்.”

“பேரு?”

“அதெல்லாம் கமிட்டி பாத்துக்கும். நல்ல மீசையா வையி.”

அம்மன் உயரம் எவ்வளவு என்று அவர் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. வந்து இறங்கினவர் நாலரை அடி. முறுக்கிய மீசை, தொடையில் கை, கால்மேல் கால். பக்கத்தில் வைத்ததும் அம்மன் அவர் மடியில் உட்காரவந்த குழந்தை மாதிரி ஆகிவிட்டாள். கோரைப்பல் கல்யாணப்பெண்ணுக்கு ஆகாது என்று சிரித்த முகமாகப் பித்தளையில் ஒரு கவசம் செய்து மாட்டினேன்.

கல்யாணத்துக்கு முதல்நாள் என் மனைவி தாலிக்கயிற்றுக்கு மஞ்சள் தடவிக்கொண்டிருந்தாள். அவள் அதிகம் பேசுகிறவள் இல்லை. நாற்பது வருடத்தில் எங்கள் வீட்டுச் சுவர்க்கடிகாரத்தின் சத்தம்கூட அவள் குரலைவிடப் பெரியது.

“ஏங்க, அவகிட்ட கேட்டீங்களா?” என்றாள்.

“கல்லுகிட்ட இன்னாமே கேக்கறது?”

“கல்லுதான்னா கல்யாணம் எதுக்கு?”

 நான் அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை. மேளம் வைத்து, ஊருக்கே சாப்பாடு போட்டு, தாலி கட்டவைத்தேன். மாப்பிள்ளையின் பீடத்தில் கருங்கல் பதித்து என் பெயரைப் பெரிதாக வெட்டவைத்தேன்.

ஒரு வாரம் கழித்துத்தான் கவனித்தேன். வேன்கள் வேகம் குறைக்கவில்லை. நடந்து போகிற பெண்கள் நிற்கவில்லை. குங்குமம் இல்லை, எலுமிச்சம்பழம் இல்லை. வெள்ளிக்கிழமை போய் உட்கார்ந்து பார்த்தேன். தூரத்திலிருந்தே கன்னத்தில் போட்டுக்கொண்டு ஓடுகிறார்கள், கடன்காரன் வீட்டைத் தாண்டுவது மாதிரி. அந்த ஐ.டி.ஐ. பெண் வந்தாள். நிறுத்திக் கேட்டேன்.

“கோபம் ஒண்ணும் இல்ல ஐயா. அவங்க புருசன் பொண்டாட்டியா குந்திகினு கீற எடத்துல நாங்க போய் இன்னாத்த சொல்றது?”

“இன்னா சொல்லுவீங்க?”

“ஊட்டுக்காரன் குடிச்சிட்டு அடிச்சான்னு சொல்லுவாங்க. சூப்பர்வைசர் கையப் புடிச்சான்னு சொல்லுவாங்க. நாளு தள்ளிப்போயிடிச்சி, பயமா கீதுன்னு சொல்லுவாங்க. ஊட்ல சொல்ல முடியாததத்தான் அவ காதுல சொல்லிட்டு வேன் ஏறுவோம். இப்ப பக்கத்துல ஒருத்தரு மீசைய முறுக்கிகினு கீறாரு. அவரு காதுல வுழாதா?”

நான் மாப்பிள்ளையின் மீசையைத் திரும்பிப் பார்த்தேன்.

“நானு வேற கோயிலு. இருந்தாலும் வருவேன். எங்க மாதா கோயில்ல மாதாவோட ஊட்டுக்காரரு ஒரு ஓரமா நிப்பாரு, குறுக்க வரமாட்டாரு. நீங்க இவர நடுவுல குந்த வெச்சிட்டீங்க” என்றாள்.

அந்த முணுமுணுப்பு வேண்டுதல் இல்லை, புகார். என் விடுதியில் தூங்கி, என் கண்ணெதிரே வேன் ஏறுகிற பெண்கள் இவ்வளவையும் ஒரு கல்லிடம் சொல்லிவிட்டுப் போயிருக்கிறார்கள். அந்த ஒரு காதையும் நான் அடைத்துவிட்டேன்.  இருந்தும் சொல்கிறேன், அன்றைக்குக்கூட அந்தச் சிலையை எடுக்க எனக்கு மனம் வரவில்லை. பீடத்தில் என் பெயர் இருந்ததே.

ஆடி மாதம் மூன்றாவது ஞாயிறு கூழ் வார்ப்பது வழக்கம். வீட்டுக்கு ஒரு குடமாக நாற்பது ஐம்பது குடம் வரும். அன்று ஐந்து வந்தது. உச்சி வெயிலில் பம்பைக்காரர்கள் அடித்து ஓய்ந்துபோனார்கள். வழக்கமாகச் சாமி ஆடுகிறவர் எங்கள் கமிட்டித் தலைவர். அவரும் இரண்டு முறை உடம்பை முறுக்கிப் பார்த்தார், ஒன்றும் வரவில்லை.

அப்போது பெண்கள் பக்கமிருந்து ஒரு குரல்.

“டேய்!”

எல்லாரும் திரும்பினோம். என் மனைவி. கொண்டை அவிழ்ந்து தொங்குகிறது. கண் நிலைகுத்தி நிற்கிறது. கையில் இருந்த கூழ்க்குடம் கீழே விழுந்து உருள்கிறது. 

“யார்றா எனக்குப் புருசன் வெச்சது?”

பம்பை நின்றுவிட்டது. தலைவர் கற்பூரத்தை ஏற்றிக்கொண்டு முன்னால் போனார். “தாயே, தப்பு நடந்திருந்தா சொல்லு, பரிகாரம் பண்றோம்” என்றார்.

“எல்லையக் காக்கறவ நானு. இவனுக்கு ஆக்கிப் போட்டுகினு குந்தியிருந்தா எல்லைய யாரு பாக்கறது? உங்கொப்பனா?”

பெண்கள் பக்கம் யாரோ சிரிப்பை அடக்க முடியாமல் இருமினார்கள். எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். சாமி கேட்டால் பதில் சொல்லியாக வேண்டும். கை கூப்பினேன். “தாயே, துணைக்குத்தான் வெச்சேன்.”

“நான் துணை கேட்டனா? உனுக்குத் துணை நின்னவ பேர எந்தக் கல்லுல வெட்டின? மொத ஷெட்டுக்குத் தூணப் புடிச்சிகினு நின்னவ யாரு? மூணு நாளு கண்ணு தெரியாம உருளைக்கெழங்கத் துருவி கண்ணுல வெச்சிகினு படுத்துக் கெடந்தவ யாரு? சொல்றா!”

இது எங்கள் இரண்டு பேரைத் தவிர வேறு யாருக்கும் தெரியாது. முதல் ஷெட் போட்டபோது ஆள் வைக்க வழியில்லை. அவள்தான் தூணைப் பிடித்தாள், நான் வெல்டிங் அடித்தேன். கண்ணுக்கு மறைப்புக் கண்ணாடி ஒன்றுதான் இருந்தது. அது என் முகத்தில் இருந்தது. “கண்ண மூடிக்கோமே” என்று சொல்லிவிட்டு அடித்தேன். தூண் சாய்கிறதா என்று பார்க்க அவள் கண்ணைத் திறந்துகொண்டே நின்றிருக்கிறாள். வெல்டிங் வெளிச்சத்தில் கண் வெந்துவிட்டது, உருளைக்கிழங்குதான் அதற்கு எங்கள் வைத்தியம். பதினேழு ஷெட்டின் கதையை ஊரெல்லாம் சொல்லியிருக்கிறேன். இந்த இடத்தை ஒருமுறையும் சொன்னதில்லை.

“அடுத்த ஞாயித்துக்குள்ள அவன அனுப்பு. இல்லனா நான் போயிடுவேன்” என்று சொல்லிவிட்டுக் கற்பூரத்தை வாயில் போட்டுக்கொண்டாள். பிறகு சாய்ந்துவிட்டாள். தாங்கிப் பிடித்தது அந்த ஐ.டி.ஐ. பெண். நான் நின்ற இடத்தில் நின்றேன்.

கமிட்டியில் அன்று மாலையே தகராறு. பிரதிஷ்டை செய்ததை எடுத்தால் ஊருக்கு ஆகாது என்றார் ஒருவர். “ஊட்டுச் சண்டையக் கோயில்ல கொண்டாந்து போட்டுட்டாங்க, அது சாமியே இல்ல” என்றார் தலைவர். அவர் ஆடினால் மட்டும் அது சாமி. எனக்குக் கோபம் வந்தது, ஆனால் எனக்கும் அதே சந்தேகம் இருந்தது. மறுநாள் காலை நாஷ்டா சாப்பிடும்போது கேட்டேன்.

“ஏமே, நேத்து என்னிய டா போட்டுப் பேசினயே.”

“நானா? அம்மா பேசியிருப்பா.”

“மொத ஷெட்டு விசயம் அவளுக்கு எப்டித் தெரியும்?”

“அவளுக்குத் தெரியாததா? இன்னும் ரெண்டு இட்லி வெக்கட்டா?”

முகத்தைப் பார்த்தேன். ஒன்றும் தெரியவில்லை. நாற்பது வருடம் பார்த்த முகம், அதில் ஒன்றும் படிக்கத் தெரியவில்லை என்பது அன்றைக்குத்தான் தெரிந்தது.

மகள் வந்தாள். ஆறுதல் சொல்வாள் என்று பார்த்தேன்.

“நீ மட்டும் புதுசா பண்ணல நைனா. பழைய காலத்துல கொற்றவைன்னு ஒரு சாமி. காட்டுச் சாமி, சண்டைக்குப் போறவன் அவளக் கும்பிட்டுட்டுத்தான் போவான். அப்புறம் வந்தவங்க அவளுக்குப் புருசன், புள்ள எல்லாம் ஏற்பாடு பண்ணிட்டாங்க. எத்தினியோ ஊர்ல தனியா நின்னவள புடிச்சி ஒருத்தன் பக்கத்துல வெச்சிகீறாங்க. கோவத்தக் கொறச்சி, பல்ல மறைச்சி, சிரிக்கவும் வெச்சிகீறாங்க.”

அந்தப் பித்தளைக் கவசம் என் மனக்கண்ணில் சிரித்தது. இன்னொன்றும் எனக்கு அதிர்ச்சி. தப்பிலேகூட நான் முதல் ஆள் இல்லையாம்.

“ஈசன் பாதி உடம்பக் குடுத்தாரேம்மா” என்றேன், மேடையில் கேட்டதை விடாமல்.

“யாரு உடம்புல யாருக்குப் பாதி நைனா? பேரு அவரு பேருதானே? நீ மேடையில கேட்டுட்டு வர்றியே, பூமி, நதி, வெளக்கு, பூ, நெலா. அதுல ஒண்ணுக்காவது வாயி கீதா?”

யோசித்துப் பார்த்தேன். இல்லை. இத்தனை வருடமாக எத்தனை பேச்சாளர்களின் வாயைப் பார்த்து உட்கார்ந்திருக்கிறேன். எவருக்கும் தோன்றவில்லை, எனக்கும் தோன்றவில்லை. வாய் திறந்தது எங்கள் வீட்டில் ஒருத்தி, அதுவும் அம்மன் பேரைச் சொல்லிக்கொண்டு.

சனிக்கிழமை காலை என் பட்டறையில் பாரம் தூக்கும் செயின் பிளாக்கை எடுத்துக்கொண்டு கோயிலுக்குப் போனேன். கமிட்டி ஆண்கள் ஒருவரும் வரவில்லை. பட்டறை ஆட்கள் சாமி குத்தம் என்று பயந்து தள்ளி நின்றார்கள். நைட் ஷிஃப்டு முடிந்து வந்த விடுதிப் பெண்கள் வேனை நிறுத்தி இறங்கினார்கள். முதல் இழுப்பிலேயே சிலை ஒரு பக்கம் சரிந்தது.

“நிறுத்துங்க ஐயா! கொக்கி நடுவுல இல்ல” என்று அந்த ஐ.டி.ஐ. பெண் கத்தினாள். பார்த்தேன். அவள் சொன்னது சரி. பதினேழு ஷெட் போட்ட கை அன்று கொக்கியைக் கோணலாக மாட்டியிருந்தது. அவளே ஏறி மாற்றி மாட்டினாள். பெண்கள் சங்கிலியை இழுத்தார்கள். மாப்பிள்ளை மீசையோடு மேலே எழும்பினார். பீடம் பிளந்து என் பெயர் வெட்டிய கல் இரண்டாக உடைந்தது.

கவசத்தைக் கழற்றியது என் மனைவி. கோரைப்பல் வெளியே தெரிந்தது. அவள் கொஞ்ச நேரம் குனிந்து அம்மன் காதருகே ஏதோ சொன்னாள். என்ன சொன்னாள் என்று நான் கேட்கவில்லை. கேட்கக் கூடாது என்று தெரிந்துகொண்டேன்.

செதுக்கிய சாமியைத் தெருவில் போட முடியாது. மாப்பிள்ளை இப்போது என் பட்டறை வாசலில் காவலுக்கு உட்கார்ந்திருக்கிறார். “பெரியவரு மாப்பிள்ளைய ஊட்டோட வெச்சிகினாரு” என்று விடுதியில் சிரிக்கிறார்களாம். சிரிக்கட்டும். ஞாயிற்றுக்கிழமை மறுபடியும் கூழ் வார்த்தோம். குடம் எண்ணி மாளவில்லை. விடுதிச் சுவரில் அந்த நாலு வார்த்தையையும் வெள்ளையடித்துவிட்டேன். அங்கே இப்போது வேன் வரும் நேரம் எழுதியிருக்கிறது. அந்தப் பெண்ணைப் பட்டறைக்குக் கூப்பிட்டேன். “இப்ப கூப்புடறீங்களா? ஒயர் கம்பெனில என்னிய பர்மனன்ட் பண்ணிட்டாங்க ஐயா” என்றாள். அதுவும் ஒரு அடிதான். வாங்கிக்கொண்டேன்.

கடைசி அதிர்ச்சி நேற்று. கோயிலுக்குப் புதுக் கமிட்டி, பாதிப் பேர் பெண்கள். புதிதாகக் கல் வெட்டப் போகிறார்கள். என்ன வெட்டுவது என்று என் மகள் எழுதிக் கொடுத்த தாளைப் பார்த்தேன். முதல் வரியில் என் மனைவி பெயர், பக்கத்தில் “முதல் தூணைப் பிடித்தவர்” என்று. அடுத்து, சங்கிலி இழுத்த விடுதிப் பெண்கள். அடுத்து, கூழ் கொண்டுவந்த வீடுகள். தாளைத் திருப்பியும் பார்த்தேன். என் பெயர் இல்லை.

“உங்க பேருதான் எல்லா ஷெட்டுலயும் கீதே” என்றாள் மனைவி.

நியாயம். முதல் வரியில் ஒரு எழுத்தைக்கூட மாற்றச் சொல்லமாட்டேன், அது நாற்பது வருடம் முன்னால் வெட்டியிருக்க வேண்டிய வரி. ஆனால் கமிட்டிக்கு இதன்மூலம் சொல்கிறேன், ஊரறியச் சொல்கிறேன். கோயில் மேடை என்னுடையது. தூண் என்னுடையது, கூரை என்னுடையது. தப்பும் என்னுடையது, அதை எடுத்த செயின் பிளாக்கும் என்னுடையது. கல்வெட்டுகிறவர் வெள்ளிக்கிழமை வருகிறார். கடைசி வரியாக, சின்ன எழுத்திலாவது, என் பெயரைப் போட்டு இப்படி வெட்டுங்கள்: “அம்மனைக் கேட்காமல் கல்யாணம் செய்துவைத்தவர் இவர். அவள் கேட்டதும் மாப்பிள்ளையைத் திருப்பி அழைத்துக்கொண்டவரும் இவரே.”

இரண்டு வாக்கியமும் வேண்டும். ஒன்றை மட்டும் வெட்டினால் ஒத்துக்கொள்ளமாட்டேன்.